ஒரு முகத்துக்கு 35 கினி: ஜோஷுவா ரெனால்ட்ஸின் வாழ்க்கையும் பட்டறையும்

1777-ல் லிவர்பூல்காரர் ஒருவர், தன் படத்தை வரைந்துகொள்ள என்ன செலவாகும் என்று கேட்டு லண்டனுக்குக் கடிதம் போட்டார். பதில் எழுதியவர் ஜோஷுவா ரெனால்ட்ஸ், அன்றைய இங்கிலாந்தின் முதல் வரிசை உருவப்பட ஓவியர். தலை மட்டும் என்றால் 35 கினி, முழங்கால் வரை 70, முழு உருவம் 150. பொதுவாக மூன்று தடவை வந்து உட்கார வேண்டும், ஒவ்வொரு தடவையும் ஒன்றரை மணி நேரம். அவசரம் என்றால் முகத்தை ஒரே நாளில் தொடங்கி முடித்துவிடலாம். முகம் முடிந்துவிட்டால் மீதி வேலை உட்காருபவருக்குத் தொந்தரவு இல்லாமல் நடந்துவிடும்.

18-ஆம் நூற்றாண்டு ஐரோப்பாவில் உருவப்பட ஓவியர் எப்படிப் பிழைத்தார், எப்படி வேலை செய்தார் என்று புரிந்துகொள்ள இந்தப் பதிலை ஒவ்வொரு வரியாகப் பிரித்தாலே போதும். அப்படிப் பிரித்துக்கொண்டே ரெனால்ட்ஸின் கதையையும் பார்க்கலாம்.

முதலில் விலை. ஒரு கினி என்பது 21 ஷில்லிங், அதாவது ஒரு பவுண்டும் ஒரு ஷில்லிங்கும். விலையைத் தீர்மானித்தது கித்தானின் அளவு. லண்டனில் கித்தான்கள் குறிப்பிட்ட அளவுகளில்தான் விற்கப்பட்டன. தலையும் தோளும் மட்டும் வரும் படத்துக்கு 30 அங்குல உயரம், 25 அங்குல அகலம். ஒரு கையும் தெரிய வேண்டும் என்றால் 36-க்கு 28; இதற்குக் 'கிட்-கேட்' என்று பெயர். அந்தப் பெயரில் இருந்த ஒரு சங்கத்தின் உறுப்பினர்களை முந்தைய தலைமுறை ஓவியர் காட்ஃப்ரி நெல்லர் அந்த அளவில் வரைந்ததால் வந்தது. முழங்கால் வரைக்கும் 50-க்கு 40. முழு உருவத்துக்கு 94-க்கு 58, கிட்டத்தட்ட எட்டடி உயரம். இந்த அளவுகளை மனதில் வைத்துக்கொண்டு எந்த ஆங்கில உருவப்படத்தின் அளவுக் குறிப்பைப் படித்தாலும், வாங்கியவர் எந்த விலைப் படியில் நின்றார் என்று உடனே தெரிந்துவிடும். கை வரைவது கடினம், உடை வரைய நாளாகும், பின்னணிக்கு வேறு வேலை. அதனால்தான் படம் பெரிதாகப் பெரிதாக விலை இரட்டிப்பானது. வழக்கமாகப் பாதிப் பணத்தை முதல் அமர்விலேயே கொடுத்துவிட வேண்டும். மீதியைக் கட்டாமல் ஆண்டுக்கணக்கில் இழுத்தடித்தவர்கள் உண்டு. அவர்களின் படங்கள் பட்டறையிலேயே தங்கிவிடும்.

இந்த விலையைக் கேட்கும் இடத்துக்கு ரெனால்ட்ஸ் எப்படி வந்தார்?

அவர் பிறந்தது 1723 ஜூலை 16, டெவன் மாவட்டத்தில் பிளிம்ப்டன் என்ற சிற்றூரில். அப்பா அங்கே பள்ளித் தலைமையாசிரியர். வீட்டில் புத்தகங்கள் இருந்தன, பணம் இல்லை. 1740-ல் லண்டனில் தாமஸ் ஹட்ஸன் என்ற உருவப்பட ஓவியரிடம் தொழில் பழகச் சேர்ந்தார். அதற்குக் கட்டணம் 120 பவுண்டு; அதில் பாதியைத் திருமணமான அக்கா கொடுத்து உதவினார். நான்கு ஆண்டுப் பயிற்சி என்பது ஒப்பந்தம். 1743-லேயே இருவரும் பிரிந்துவிட்டார்கள். அங்கே அவர் கற்றது முகத்தை விரைவாகப் பிடிப்பதும், வாடிக்கையாளரைக் கையாள்வதும். உடலை வெறுமையாக நிறுத்தி எலும்பும் தசையும் பார்த்து வரையும் பயிற்சி ஹட்ஸனிடம் கிடையாது. இந்தக் குறை ரெனால்ட்ஸைக் கடைசிவரை விடவில்லை. அவர் படங்களில் முகம் உயிரோடு இருக்கும், கை மட்டும் கையுறைக்குள் பஞ்சு அடைத்ததுபோல இருக்கும் இடங்களைப் பலமுறை காணலாம். இதை அவரே உணர்ந்து வருந்தியிருக்கிறார்.

சொந்த ஊர்ப் பக்கம் போய், பிளிமத் கப்பல்துறையில் கடற்படை அதிகாரிகளை வரைந்து சில ஆண்டுகள் ஓட்டினார். அங்கே கிடைத்த அறிமுகம்தான் அகஸ்டஸ் கெப்பல் என்ற இளம் கடற்படைத் தளபதி. 1749-ல் கெப்பல் தன் 'செஞ்சூரியன்' கப்பலில் மத்தியதரைக் கடலுக்குப் போகும்போது ரெனால்ட்ஸையும் ஏற்றிக்கொண்டார். மினோர்க்கா தீவில் குதிரை விழுந்து ரெனால்ட்ஸின் மேலுதடு கிழிந்தது. அந்தத் தழும்பு நிரந்தரமானது. அது ஆறும் வரை அங்கிருந்த ஆங்கிலேயப் படை அதிகாரிகளை வரைந்து ரோமுக்குப் போகக் காசு சேர்த்துக்கொண்டார். ரோமில் இரண்டு ஆண்டு. வத்திக்கானில் ராஃபேலின் ஓவிய அறைகளில் குளிரில் நின்று பிரதி எடுத்ததில் காது மந்தமாயிற்று என்று சொல்வார்கள். பிற்காலத்தில் அவர் காதில் ஒலி வாங்கும் குழல் வைத்துத்தான் பேச்சைக் கேட்டார். தன்னையே வரைந்த ஒரு படத்தில் கையைக் காதருகே குவித்து, பிறர் பேச்சைக் கவனிக்கும் செவிடராகவே தன்னைக் காட்டியிருக்கிறார்.

1752-ல் ஊர் திரும்பியதும் அவர் செய்த வேலைதான் முழு வாழ்க்கையையும் திருப்பிப் போட்டது. கெப்பலுக்கு நன்றியாக ஒரு முழு உருவப் படம் வரைந்தார். இப்போது கிரீனிச்சில் தேசியக் கடல்சார் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அதுவரை ஆங்கில உருவப்படத்தில் ஆண் என்றால் ஒரு கையை மார்புச் சட்டைக்குள் செருகிக்கொண்டு நேராக நிற்பார். ஹட்ஸன் பட்டறையில் அப்படி நூற்றுக்கணக்கில் நிற்கிறார்கள். கெப்பலோ புயலடிக்கும் கடற்கரையில் நீண்ட எட்டு வைத்து, கையை நீட்டி, நடந்து வருகிறார். அந்த நடை ரோமில் இருக்கும் 'அப்பல்லோ பெல்விடியர்' என்ற பழஞ்சிலையை நினைவூட்டுவது. முகம் கெப்பலுடையது, நிற்கும் தோரணை தெய்வத்துடையது.

ரெனால்ட்ஸின் தனித்தன்மை என்று நாம் சொல்வது இதைத்தான். கலை வரலாற்றில் இதற்குக் 'கிராண்ட் மேனர்' என்று பெயர். அன்றைய ஐரோப்பியக் கலைச் சட்டப்படி ஓவியங்களில் மேல் சாதி, கீழ்ச் சாதி இருந்தது. பைபிள் கதை, புராணம், வரலாறு வரைவது உயர்ந்தது. உருவப்படம் அதற்குக் கீழே, ஏனென்றால் அது வெறும் பிரதி என்று கருதப்பட்டது. ஆனால் இங்கிலாந்தில் காசு கொடுத்தவர்கள் கேட்டது உருவப்படத்தை மட்டும்தான். ரெனால்ட்ஸ் கண்ட வழி, வரலாற்று ஓவியத்தின் உடல்மொழியை உருவப்படத்துக்குள் கொண்டுவருவது. 1784-ல் நடிகை சாரா சிடன்ஸைச் 'சோக நாடகத்தின் தேவி'யாக வரைந்தபோது, சிஸ்டைன் ஆலயக் கூரையில் மைக்கலாஞ்சலோ வரைந்த தீர்க்கதரிசிகள் உட்காரும் விதத்தில் அவரை அரியணையில் உட்கார வைத்தார். தன் கையெழுத்தை அவருடைய உடையின் ஓரக்கரையில் போட்டார். பெண்களை அந்த ஆண்டின் நாகரிக உடையில் வரையாமல், பழங்காலத்து அங்கிபோன்ற பொதுவான ஆடையில் வரைவதும் இதே நோக்கத்தில்தான்: தையல்காரரின் மோஸ்தர் பத்தாண்டில் கேலிக்குரியதாகிவிடும், படம் அதோடு சேர்ந்து பழசாகக் கூடாது.

இதைச் சிலர் திருட்டு என்று அன்றே சொன்னார்கள். அந்தக் குற்றச்சாட்டு நிற்காது. எந்தத் தோரணை எந்த மனிதருக்குப் பொருந்தும் என்று தேர்ந்தெடுப்பதில்தான் அவர் திறமை. ஒரே அச்சில் ஆயிரம் பேரை வார்த்த ஹட்ஸனுக்குப் பிறகு, ஒருவரைப்போல இன்னொருவர் நிற்காத கூட்டத்தை வரைந்தது சிறிய விஷயம் இல்லை.

கெப்பல் படத்தைப் பார்த்தவர்கள் தாங்களும் அப்படி நிற்க விரும்பினார்கள். 1750-களின் பிற்பாதியில் ஆண்டுக்கு நூறுக்கும் மேற்பட்டோர் வந்து உட்கார்ந்தார்கள். 1758-க்கான அவருடைய சந்திப்புக் குறிப்பேட்டில் சுமார் 150 பெயர்கள். 1760-ல் லெஸ்டர் ஃபீல்ட்ஸில், இன்றைய லெஸ்டர் சதுக்கத்தில், 47-ஆம் எண் வீட்டின் குத்தகையை 1,650 பவுண்டுக்கு வாங்கி, காட்சிக்கூடமும் பட்டறையும் கட்ட இன்னும் 1,500 செலவழித்தார். ஆண்டுக்கு ஆறாயிரம் பவுண்டு சம்பாதிக்கிறார் என்று அவருடைய நண்பரும் எழுத்தாளருமான சாமுவேல் ஜான்சன் 1762-ல் ஒரு கடிதத்தில் எழுதினார். 1782-ல் விலை 50, 100, 200 கினி.

அந்தப் பட்டறை எப்படி இருந்தது என்பதற்குத் துல்லியமான விவரங்கள் கிடைத்திருக்கின்றன. எட்டுமூலை அறை, சுமார் 20 அடி நீளம், 16 அடி அகலம். ஒரே சன்னல், சாதாரண வீட்டுச் சன்னலில் பாதியைவிடக் கொஞ்சம் பெரிது. அதன் கீழ் விளிம்பு தரையிலிருந்து 9 அடி 4 அங்குல உயரத்தில். இந்த உயரம்தான் அறையின் சூட்சுமம். வெளிச்சம் மேலிருந்து ஒரே பக்கமாக விழும். புருவத்தின் கீழும் மூக்கின் ஓரத்திலும் தாடையின் அடியிலும் தெளிவான நிழல் கிடைக்கும். சன்னல் தாழ்வாக இருந்தால் வெளிச்சம் முகத்தில் நேராக மோதி மேடு பள்ளம் எல்லாம் தட்டையாகிவிடும்.

உட்காருபவரின் நாற்காலி தரையிலிருந்து 18 அங்குலம் உயர்ந்த மேடையில், சக்கரங்கள் மேல். வெளிச்சத்துக்கு ஏற்ப அதைத் திருப்பலாம். ஓவியர் உட்காருவதே இல்லை, நின்றுகொண்டும் நடந்துகொண்டும் வேலை. நாற்காலி உயர்ந்திருப்பதால் இருவர் கண்ணும் ஒரே மட்டத்துக்கு வரும். தூரிகைக் காம்பு 19 அங்குலம், அதனால் கித்தானை விட்டு எட்டி நின்றே தீட்டலாம். பார்வையாளர் நிற்கும் தூரத்திலிருந்தே ஓவியரும் தன் படத்தைப் பார்க்கிறார். வண்ணத்தட்டு கட்டைவிரல் நுழைக்கும் வகை இல்லை, கைப்பிடி வைத்தது. உட்கார்ந்தவருக்கு எதிரே பெரிய நிலைக்கண்ணாடி வைத்து, தன் முகம் உருவாவதை அவரே பார்க்கும்படி செய்வதும் உண்டு. சலித்துப்போன முகம் தொங்கிவிடும், கண்ணில் ஒளி போய்விடும். கண்ணாடி அதைத் தடுத்தது. பதினொரு மணிக்கு முதல் ஆள், பிறகு மணிக்கு ஒருவர், நாலு மணியோடு தூரிகையைக் கீழே வைத்துவிட்டு விருந்துக்குக் கிளம்பிவிடுவார். அந்த விருந்து மேசைகளும் தொழிலின் பகுதிதான். ஜான்சன், அரசியல்வாதி எட்மண்ட் பர்க், நடிகர் கேரிக் எல்லாரும் அவருடைய நண்பர்கள், பலர் அவர் கித்தானிலும் இருக்கிறார்கள்.

'மீதி வேலை' என்று கடிதத்தில் சொன்னது இனி. அதைச் செய்தவர்கள் உதவியாளர்கள். ரோமிலிருந்து கூட்டிவந்த ஜியுசெப்பே மார்கி, உடை வரைவதில் தேர்ந்த பீட்டர் டாம்ஸ், 1771 முதல் ஐந்து ஆண்டு வீட்டிலேயே தங்கிப் பழகிய ஜேம்ஸ் நார்த்கோட். பட்டும் சரிகையும் மரமும் வானமும் அவர்கள் தீட்டுவார்கள். ரெனால்ட்ஸ் கடைசியில் வந்து சேர்த்து முடிப்பார். உடைக்காக வாடிக்கையாளர் நிற்க வேண்டாம், அவர் ஆடையை அனுப்பினால் போதும், மரப்பொம்மைக்கு மாட்டி வரைவார்கள். ஏமாற்று வேலை என்று யாரும் இதை எண்ணவில்லை. லண்டன் பட்டறைகளில் இதுவே வழக்கம். ஆண்டுக்கு நூறு முகம் வரைகிறவர் ஒவ்வொரு பொத்தானையும் தானே தீட்ட முடியாது.

படம் வீட்டுக்குப் போனதும் கதை முடிவதில்லை. புகழ்பெற்றவரின் படத்தை மெசோடின்ட் என்ற செப்புத்தகட்டு அச்சில் எடுத்து விற்பார்கள். தகடு முழுவதையும் முதலில் சொரசொரப்பாக்கினால் அது மையைப் பிடித்து கன்னங்கரேலென்று அச்சாகும். பிறகு வெளிச்சம் வேண்டிய இடங்களை மட்டும் சுரண்டி வழவழப்பாக்குவார்கள். மென்மையான நிழல்கள் இதில் அழகாக வரும். ஜேம்ஸ் மக்கார்டெல் போன்ற செதுக்குநர்கள் மூலம் ரெனால்ட்ஸின் படங்கள் ஐரோப்பா முழுதும் போய்ச் சேர்ந்தன.

போட்டி கடுமையாக இருந்ததால் லண்டனில் இடம் கிடைக்காத சிலர் கடல் கடந்தார்கள். ரெனால்ட்ஸின் பாணியில் வரைந்த டில்லி கெட்டில் 1769-ல் சென்னைக்கு வந்து ஆற்காடு நவாப் முகம்மது அலி வாலாஜாவை வரைந்தார். தொழில்முறை ஆங்கில ஓவியர்கள் இந்தியாவுக்குப் படையெடுத்தது அவரிலிருந்துதான் தொடங்குகிறது.

1768 டிசம்பரில் ராயல் அகாடமி என்ற கலைக் கழகம் லண்டனில் நிறுவப்பட்டது, ரெனால்ட்ஸ் முதல் தலைவர். அடுத்த ஏப்ரலில் 'சர்' பட்டம். மாணவர்களுக்கு 1769 முதல் 1790 வரை பதினைந்து உரைகள் நிகழ்த்தினார். மூன்றாம் ஜார்ஜ் மன்னருக்கு அவரைப் பிடிக்காது என்றாலும் 1784-ல் அரசவையின் முதன்மை ஓவியர் பதவியும் வந்தது.

இனி அவருடைய பெரிய குறைக்கு வருவோம். ரெனால்ட்ஸின் பல முகங்கள் இன்று பிணம்போல வெளிறிக் கிடக்கின்றன. அவர் வாழ்ந்த காலத்திலேயே வெளிறத் தொடங்கி, கொடுத்த பணத்தைத் திருப்பிக் கேட்கும் அளவுக்குப் பேச்சானது. படம் நிலைத்திருக்கும் வரை ஆண்டுதோறும் தவணையாகப் பணம் கொடுக்கலாம் என்று எழுத்தாளர் ஹோரஸ் வால்போல் கிண்டலாக யோசனை சொன்னார்.

காரணம் எளிது. தோலின் சிவப்புக்கு அவர் கார்மைன் போன்ற 'லேக்' வண்ணங்களைப் பயன்படுத்தினார். கோச்சினியல் பூச்சியிலிருந்து எடுத்த சாயத்தைப் படிகாரத்தோடு சேர்த்துத் தூளாக்கினால் கார்மைன். அது சாயம்தான், கனிமம் இல்லை. வெளிச்சம் பட்டுப் பட்டுச் சாயத்தின் மூலக்கூறு உடைந்து நிறம் போய்விடும். திரைச்சீலையில் அடர்த்தியாகப் பூசினால் நெடுநாள் தாங்கும். கன்னத்தில் ஈய வெள்ளையோடு துளியளவு கலந்தால் சீக்கிரம் போய்விடும், அடியில் இருக்கும் வெள்ளையும் சாம்பலும் மட்டும் மிஞ்சும். நார்த்கோட் ஒருமுறை, நிறம் போகாத சாதிலிங்கம் என்ற சிவப்புக் கனிம வண்ணத்தைப் பயன்படுத்தலாமே என்று கேட்டார். ரெனால்ட்ஸ் தன் கையைத் திருப்பிப் பார்த்துவிட்டு, தோலில் தனக்குச் சாதிலிங்கம் தெரியவில்லை என்றார். கண்ணுக்கு அவர் சொன்னது சரி. சாதிலிங்கத்தில் தோலின் உள்ளிருந்து தெரியும் சிவப்பு வராது, லேக்கில் வரும். இருந்தாலும் பிற்காலத்தில் அவரே சாதிலிங்கத்துக்கு மாறினார். அந்தக் காலத்துப் படங்களில் முகம் பெரும்பாலும் தப்பியிருக்கிறது.

இரண்டாவது நோய் வெடிப்பு. வெனிஸ் ஓவியர் டிஷனின் ஆழமான ஒளிரும் நிறத்துக்கு ஏதோ இரகசியக் கலவை இருக்கிறது என்று ரெனால்ட்ஸ் உறுதியாக நம்பினார். பழைய படங்களை வாங்கி அடுக்கடுக்காகச் சுரண்டிப் பார்த்தார். எண்ணெயோடு தேன்மெழுகு, கோப்பைவா என்ற மரப்பால், பிசின், முட்டை, நிலக்கீல் என்று கையில் கிடைத்ததையெல்லாம் கலந்தார். இத்தாலியமும் ஆங்கிலமும் கலந்து அவர் எழுதிவைத்த சேர்மானக் குறிப்புகள் கேம்பிரிட்ஜ் ஃபிட்ஸ்வில்லியம் அருங்காட்சியகத்தில் உள்ள கணக்கேடுகளில் இருக்கின்றன. 1772-ல் ஒரு பெண்ணின் படத்துக்கு வரிசை இப்படி: முதலில் பிசினும் சுண்ணக்கட்டித் தூளும், பிறகு மெழுகு, பிறகு முட்டை, பிறகு வார்னிஷ், அதன் மேல் மறுபடியும் வண்ணம்.

எண்ணெய் ஓவியத்தின் அடிப்படை விதி, மெதுவாக உலரும் அடுக்கு மேலே இருக்க வேண்டும், சீக்கிரம் உலர்வது கீழே. அதற்கு நேர்மாறாகப் பூசினால், காய்ச்சிய பாலின் மேல் ஏடு படிவதுபோல மேற்பரப்பு இறுகிவிடும், அடியில் இன்னும் நெகிழ்ந்துகொண்டிருக்கும். அடி சுருங்கும்போது மேலடுக்கு இழுபட்டுப் பிளக்கும். மெழுகின் மேல் முட்டை என்பது இந்த ஆபத்தை வலியப் போய் வாங்குவது. நிலக்கீல் இன்னும் மோசம், அது முழுதாக உலர்வதே இல்லை; நிழல் பகுதிகளில் முதலைத் தோல்போல அகலமான வெடிப்பு இருந்தால் முதலில் சந்தேகப்பட வேண்டியது அதைத்தான்.

இதில் மூன்றாவது சிக்கல் ஒன்றும் ஒளிந்திருக்கிறது. வண்ணத்திலேயே வார்னிஷும் பிசினும் கலந்திருப்பதால், மேலே மஞ்சளான வார்னிஷைக் கரைக்கும் திரவம் வண்ணத்தையும் சேர்த்துக் கரைத்துவிடும். 19-ஆம் நூற்றாண்டில் அவசரமாகச் சுத்தம் செய்தவர்கள் கடைசி மெல்லிய அடுக்குகளைத் துடைத்தெடுத்துவிட்டார்கள். இன்றைய பாதுகாப்பாளர்கள் ரெனால்ட்ஸின் படத்தில் கைவைக்கத் தயங்குவது அதனால்தான். ரஷ்யப் பேரரசி கேதரின் கேட்டு வரைந்த 'குழந்தை ஹெர்குலிஸ்', இப்போது ரஷ்யாவின் ஹெர்மிடாஜ் அருங்காட்சியகத்தில் உள்ளது, அதற்குள்ளே பத்துப் படம் இருக்கிறது என்று அவரே சொன்னார். அத்தனை முறை மாற்றி மாற்றி மேலே பூசியிருக்கிறார்.

1789 ஜூலையில் வேலை செய்துகொண்டிருக்கும்போதே இடது கண் மங்கியது. சில வாரங்களில் அதில் பார்வை போய்விட்டது. மறு கண்ணும் போய்விடுமோ என்ற பயத்தில் ஓவியத்தை நிறுத்தினார். 1792 பிப்ரவரி 23-ல் இறந்தார், லண்டன் செயின்ட் பால் பேராலயத்தில் அடக்கம்.

அவர் படத்தை எதிரே பார்க்க நேர்ந்தால், முதலில் ஆண்டைப் பாருங்கள். 1750, 60-களின் முகம் வெளிறியிருந்தால் ஓவியர் அப்படித் தீட்டவில்லை, நிறம் போயிருக்கிறது. உதட்டிலும் மூக்குத் துளையிலும், சாயம் அடர்த்தியாக இருந்த இடங்களில், பழைய சிவப்பின் மிச்சம் தெரியும். அடுத்து முகத்தையும் உடையையும் ஒப்பிடுங்கள். தூரிகையின் வேகம் மாறினால் வேறொருவர் கை. பிறகு தோரணை எங்கிருந்து வந்தது என்று தேடுங்கள். கெட்டுப்போகாத ரெனால்ட்ஸைப் பார்க்க வேண்டுமென்றால் 1776-ல் காட்சிக்கு வைத்த 'ஓமாய்' படத்துக்குப் போகலாம். கேப்டன் குக்கின் இரண்டாம் பயணத்தின்போது பசிபிக் தீவுகளிலிருந்து லண்டனுக்கு வந்த இளைஞரின் முழு உருவம் அது; வெள்ளை அங்கி, தலைப்பாகை, பச்சை குத்திய கை. யாரும் பணம் கொடுத்து வரையச் சொன்னதில்லை, ரெனால்ட்ஸ் சாகும்வரை அவர் பட்டறையிலேயே இருந்தது. 2023-ல் லண்டன் தேசிய உருவப்படக் கூடமும் அமெரிக்காவின் கெட்டி அருங்காட்சியகமும் சேர்ந்து ஐந்து கோடி பவுண்டுக்கு வாங்கின.

வெளிறிப்போன மற்ற படங்களுக்கு, அதே படத்தின் மெசோடின்ட் அச்சை இணையத்தில் தேடி அருகில் வைத்துப் பாருங்கள். பிரிட்டிஷ் மியூசியத்தின் தளத்தில் இவை நிறைய உண்டு. செதுக்குநர் பார்த்தது புதுப் படத்தை. கன்னத்தில் நிழல் எவ்வளவு ஆழமாக இருந்தது, வெளிச்சம் எங்கே தொடங்கியது என்பதெல்லாம் கறுப்பு மையில் அப்படியே பதிந்திருக்கும். நிறத்தை மட்டும் அதிலிருந்து மீட்க முடியாது.